முழங்கைக் கோடு

விமர்சகர் தூங்குவார். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பின்னால் சொன்னால் நான் ஏதோ ஒளித்துவைத்து விளையாட்டுக் காட்டியதாக நினைத்துக்கொள்வீர்கள். முப்பத்தோரு வருஷமாகச் சனிக்கிழமைப் பத்திரிகையில் சினிமா விமர்சனம் எழுதுகிற மனிதர். தியேட்டரில் விளக்கு அணைந்து முக்கால் மணி நேரம் ஆனால் போதும், கண் செருகிவிடும். நல்ல படம், மோசமான படம் என்ற பேதமே கிடையாது. சண்டைக் காட்சியிலும் தூங்குவார், சாவுக் காட்சியிலும் தூங்குவார். அந்த வகையில் நியாயமான மனிதர்.

ஆனால் இது ஊரில் ஒருத்தருக்கும் தெரியாது. காரணம் அவர் மனைவி.

பத்திரிகைக்காரர்களுக்கென்று தனியாகப் போடும் காட்சிக்கு அவர் போகமாட்டார். 'சனங்களோட உக்காந்து பாத்தாதான் படம்' என்பது அவர் கொள்கை. வெள்ளிக்கிழமை காலை பத்தரை மணிக் காட்சி, ஜே வரிசை, ஓரத்திலிருந்து இரண்டு இருக்கைகள். வெளியே அவர் நாலு பேரோடு நின்று போன படத்தைக் கிழித்துக்கொண்டிருப்பார். மனைவி முன்னாலேயே உள்ளே போய், பக்கத்து இருக்கையில் தன் குடையைப் போட்டு இடம் பிடித்து வைத்திருப்பாள். விளக்கு அணைகிற நேரத்துக்கு அவர் வருவார். அவள் குடையை எடுப்பாள். அவர் உட்காருவார்.

அப்புறம் மடியில் ஒரு அட்டை, அட்டையில் காகிதம், கையில் பேனா. இருட்டில் குனிந்து பார்க்காமலே எழுதுவார். வரிமேல் வரி ஏறிவிடாமல் இருக்க இடது கட்டைவிரலைக் காகிதத்தில் வைத்துக்கொண்டு, ஒரு வரி முடிந்ததும் விரலை ஒரு வரி கீழே இறக்குவார். இதில் பெரிய கூத்து என்னவென்றால், அவர் தூங்கினாலும் கை தூங்காது. பேனா பாட்டுக்கு எழுதும், கட்டைவிரல் பாட்டுக்கு இறங்கும். கையெழுத்தில் ஒரு கோணல்கூட இருக்காது. திரையில் ஓடுவதை எழுதியது எது, கனவில் ஓடியதை எழுதியது எது என்று காகிதத்தைப் பார்த்துச் சொல்ல எந்தக் கொம்பனாலும் முடியாது.

அதற்குத்தான் முழங்கை. அவர் மூச்சு லேசாக மாறும்போதே மனைவிக்குத் தெரிந்துவிடும். விலாவில் ஒரு இடி. அவர் திடுக்கிட்டு விழிக்கும்போது பேனா காகிதத்தின் குறுக்கே சர்ரென்று ஒரு கோடு இழுத்துவிடும். வீட்டுக்கு வந்து விமர்சனம் எழுத உட்காரும்போது அந்தக் கோட்டுக்கு மேலே உள்ள மூன்று வரிகளை அடித்துவிடுவார். அவள் எந்தக் காலத்திலும் மூன்று வரிக்கு மேல் அவரைத் தூங்கவிட்டதில்லை. அப்படியொரு கணக்கு. ஒரு படத்துக்கு ஐந்தாறு கோடு விழும். சில படங்களுக்குக் காகிதமே வேலி போட்ட மாதிரி இருக்கும்.

இந்தச் சம்சாரம் இப்படியே ஓடியிருக்க வேண்டியது. கெடுத்தது ஒரு கல்யாண வீடு.

பதினாலு மாதத்துக்கு முன்னால், மனைவியின் அக்கா மகளுக்குக் கல்யாணம். மண்டபத்தில் நாற்பது பேர் சுற்றி உட்கார்ந்து அவர் விமர்சனங்களைத் தலையில் தூக்கி வைத்துக்கொண்டு ஆடிக்கொண்டிருந்தார்கள். அவர் முகத்தில் ஒரு மிதப்பு. அப்போது மனைவி சிரித்துக்கொண்டே சொன்னாள்: "அட நீங்க வேற. இவர் பாதிப் படம் தூங்கித்தான் பாப்பாரு. நான் இடிச்சு இடிச்சு என் முழங்கைதான் தேஞ்சுபோச்சு."

எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். அவளும் சிரித்தாள். அவர் சிரிக்கவில்லை.

"பொய் சொல்றா," என்றார். "கதை கட்டுறதே இவளுக்கு வேலை. என்கூட வந்து உக்காந்துட்டு, எழுதுறதே தான்தான்னு நினைப்பு."

சிரிப்பு நின்றுவிட்டது. சொந்த அக்கா வீட்டுக் கல்யாணத்தில், சொந்தக்காரர்கள் நாற்பது பேர் முன்னால், அவள் பொய்க்காரி ஆனாள். வீட்டுக்கு வந்து, "அடுத்த வெள்ளிக்கிழமை நீங்களே போய்க்கோங்க," என்றாள். "போறேன், அதுக்கென்ன," என்றார் இவர். அந்த வெள்ளிக்கிழமை அவர் தியேட்டரிலிருந்து திரும்பி வந்தபோது வீடு பூட்டியிருந்தது. அவள் அக்கா வீட்டுக்குப் போய்விட்டாள். சண்டை போட்டுக்கொண்டு போயிருந்தால் சமாதானம் பேசலாம். அவளோ குடையை எடுத்துக்கொண்டு சும்மா போய்விட்டாள்.

அன்றிலிருந்து அவருக்கு ராத்திரி படுக்கையில் தூக்கம் வருவதில்லை. தியேட்டரில் மட்டும் வந்தது. முன்னைவிட நன்றாகவே வந்தது.

சில நாள் போன் செய்யலாம் என்று நினைப்பார். செய்து என்ன சொல்வது? 'நீ சொன்னது நிஜம்' என்று சொல்ல வேண்டும். அதைச் சொல்ல வாய் வரவில்லை. வருஷக்கணக்கில் எழுதி எழுதி அவர் தூங்குவதில்லை என்று அவரே நம்பிவிட்டார். காகிதத்தில் இப்போது ஒரு கோடுகூட இல்லையே, அதுவே சாட்சி என்று வைத்துக்கொண்டார். எப்படி இருக்கிறது பாருங்கள் சாட்சி!

அப்போதுதான் லிஃப்ட் படம் வந்தது.

அதற்கு ஏதோ நீளமான பெயர் ஒன்று உண்டு, யாரும் சொல்வதில்லை. லிஃப்ட் படம் என்றால்தான் தெரியும். புது இயக்குநர். பதினெட்டு மாடிக் கட்டடம் ஒன்றில் லிஃப்ட் பழுதுபார்க்கிற மெக்கானிக். அவனுக்கும் மனைவிக்கும் பேச்சுவார்த்தை இல்லை. லிஃப்ட் ஏறும், இறங்கும், கதவு திறக்கும், நடைபாதை தெரியும், கதவு மூடும். அவ்வளவுதான் படம். முதல் நாள் காலைக் காட்சியில் பதினோரு பேர் இருந்தார்கள், அவரையும் சேர்த்து. வெளியே மழை. உள்ளே குளிர்ச்சி. லிஃப்டின் மோட்டார் 'ம்ம்ம்' என்று தாலாட்டுவதுபோல முனகிக்கொண்டே இருந்தது. அவர் பேனா எழுதிக்கொண்டே இருந்தது.

சனிக்கிழமை விமர்சனம் வந்தது. அதில் ஒரு பத்தி இப்படி:

'ஒன்பதாவது மாடி நடைபாதையில் ஒரு பெஞ்சு. அதில் மெக்கானிக்கின் மனைவி உட்கார்ந்திருக்கிறாள். பக்கத்தில் ஒரு நீலக் குடை, யாருக்கோ இடம் பிடித்து வைத்ததுபோல. குடையின் கம்பி ஒன்று ஒடிந்து, சிவப்பு நூலால் கட்டப்பட்டிருக்கிறது. மெக்கானிக் வந்து நிற்கிறான். கையெல்லாம் கிரீஸ். அவள் நிமிர்ந்து பார்க்கவில்லை. குடையை எடுத்துத் தரையில் வைக்கிறாள். அவன் உட்காருகிறான். அவ்வளவுதான் காட்சி. மன்னிப்பை இத்தனை சிக்கனமாக எடுத்து நான் பார்த்ததில்லை.'

ஊர் பிடித்துக்கொண்டது. பதினோரு பேர் பார்த்த படத்துக்கு இரண்டாம் நாள் பாதி அரங்கு நிறைந்தது, மூன்றாம் நாள் டிக்கெட் கிடைக்கவில்லை. எல்லோரும் குடைக் காட்சியைப் பற்றியே பேசினார்கள். ஒரு கல்லூரி ஆசிரியை, குடை என்பது பிரிவின் குறியீடு என்று நாலு பக்கம் எழுதினார். இன்னொருவர், அதெல்லாம் இல்லை, சிவப்பு நூல்தான் முக்கியம் என்று அதற்கு மறுப்பு எழுதினார். குடையைத் தரையில் வைத்தது சரியா, மடியில் வைத்திருக்க வேண்டுமா என்று டீக்கடையில் கைகலப்பு வராத குறை. ஒரு தம்பதி, அந்தக் காட்சியைப் பார்த்துவிட்டு விவாகரத்து வழக்கை வாபஸ் வாங்கிவிட்டதாகப் பத்திரிகைக்குக் கடிதம் போட்டார்கள்.

விமர்சகர் காலரைத் தூக்கிவிட்டுக்கொண்டு திரிந்தார். பத்து நாள்தான்.

பதினோராவது நாள் அந்தத் தம்பதியின் கடிதத்துக்குப் பதில் எழுதலாம் என்று பழைய குறிப்புக் காகிதத்தை எடுத்தார். ஒரு பக்கம் முழுக்க அழகான கையெழுத்து. கோடு கிடையாது. குடைக் காட்சி ஒன்பது வரியில் இருந்தது. அதற்குக் கீழே, அதே கையெழுத்தில், அதே மசியில், இப்படி இருந்தது: 'லிஃப்ட் கதவு திறக்கிறது. உள்ளே என் அம்மா துணி மடிக்கிறாள். பதினெட்டாவது மாடியில் கடல்.'

படத்தில் கடல் கிடையாது. அவருடைய அம்மா நிச்சயமாகக் கிடையாது.

சரி, கடலும் அம்மாவும் ஒரு நிமிஷம் கண்ணயர்ந்ததில் வந்த கனவு என்று தள்ளிவிடலாம். குடை? அது கோட்டுக்கு மேலே உள்ளதா, கீழே உள்ளதா? கோடுதான் இல்லையே! அந்தப் பக்கத்தையே உற்றுப் பார்த்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தார். காட்சி படத்தில் இருந்தால் அவர் தப்பித்தார். இல்லையென்றால், அவர் தூங்கியிருக்கிறார். தூங்கியிருக்கிறார் என்றால் கல்யாண வீட்டில் பொய் சொன்னது அவள் இல்லை, அவர்தான்.

மறுநாளே டிக்கெட் வாங்கிக்கொண்டு போனார், கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பார்த்துவிடுவது என்று. இடைவேளை தாண்டியது. லிஃப்ட் ஏறியது. ஏழு என்று சிவப்பு எழுத்து எரிந்தது. எட்டு. மோட்டார் 'ம்ம்ம்' என்றது. ஒன்பதாவது மாடியில் கதவு திறந்தது. பெஞ்சு இருந்தது. அவள் இருந்தாள். நீலக் குடையிலிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. போன தடவை சொட்டவில்லையே என்று நினைக்கும்போதே விளக்குகள் எரிந்தன, சனங்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்து போய்க்கொண்டிருந்தார்கள். படம் முடிந்திருந்தது.

மறுபடி போனார். ஒரு டம்ளர் கடுங்காப்பியைக் குடித்துவிட்டுப் போனார். எட்டாவது மாடி வரை விழித்திருந்தார். இந்தத் தடவை நடைபாதையில் மழையே பெய்தது, கூரைக்குக் கீழே, சத்தமில்லாமல். அவள் கையில் கடிகாரம் தெரிந்தது. வார் தளர்ந்து, டயல் மணிக்கட்டின் அடிப்பக்கம் போயிருந்தது. அடுத்த தடவை நின்றுகொண்டே பார்க்கலாம் என்று பின்சுவரோரம் நின்றார். நின்றபடியே தூங்கினார். அந்தத் தடவை அவள் குடையை எடுப்பதற்கு முன்னால் கொஞ்சம் யோசித்தாள். இயக்குநரிடம் கேட்டுப் படத்தின் பிரதி ஒன்றை வாங்கி வீட்டில் போட்டார். வீட்டு நாற்காலியில் பெயர்கள் ஓடும்போதே தூங்கிவிட்டார். வெறும் மழைதான் வந்தது.

பார்க்கப் போகிறாரா, தூங்கப் போகிறாரா என்று அவருக்கே தெளிவில்லாமல் போயிற்று. உண்மையைச் சொன்னால், ஒவ்வொரு தடவையும் ஒன்பதாவது மாடிக்காக அவர் மனசு அடித்துக்கொண்டது. அந்தப் பெண் இதுவரை நிமிர்ந்ததில்லை. ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, நிமிர்ந்துவிட்டால் முகத்தைப் பார்த்துவிடலாம்.

தியேட்டரில் டிக்கெட் கிழித்து, இருட்டில் இடம் காட்டுகிறவரை எல்லோரும் டார்ச் அண்ணன் என்பார்கள். அவரைப் பிடித்துக் கேட்டார்.

"அண்ணே, ஒன்பதாவது மாடி பெஞ்சுல ஒரு பொம்பளை உக்காந்திருக்காளா?"

"நான் என்னத்த சார் கண்டேன்? நாப்பது வருஷமா உள்ள நிக்கிறேன், ஒரு படமும் பாத்ததில்ல. சனங்க மூஞ்சியத்தான் பாப்பேன். அந்த இடம் வந்தா எல்லாரும் கண்ணத் தொடைக்கிறாங்க. நீங்க மட்டும் வாயப் பொளந்து தூங்குறீங்க."

இதைச் சொல்லிவிட்டு டார்ச் அண்ணன் நாக்கைக் கடித்துக்கொண்டார். விமர்சகர் காதில் விழாததுபோல நடந்தார்.

இயக்குநரைப் போனில் பிடித்தார். அவர் ஏற்கெனவே மூன்று பேட்டிகளில் குடைக் காட்சியைப் பதினாலு முறை எடுத்ததாகச் சொல்லியிருந்தார்.

"தம்பி, ஒளிவுமறைவில்லாம சொல்லுங்க. அந்தக் குடை சீன நீங்க எடுத்தீங்களா?"



"சார், ஆறு மாசம் எடிட்டிங் ரூமுலயே கெடந்தேன். எத வெச்சேன், எத வெட்டினேன்னு எனக்கே மறந்துபோச்சு. மொதல்ல நீங்க எழுதினதப் படிச்சப்ப, இது எங்க வந்துச்சுன்னுதான் நெனச்சேன். அப்புறம் கண்ண மூடினா அப்படியே தெரியுது சார். குடை, நூலு, எல்லாம். நாந்தான் எடுத்திருக்கணும். வேற யாரு எடுப்பா?"

பத்திரிகை ஆசிரியரிடம் போனார். அவர் மேசைமேல் பாராட்டுக் கடிதங்கள் குவிந்து கிடந்தன.

"எனக்கு ஒரு சந்தேகம் சார். அந்தக் காட்சி படத்துல இல்லையோன்னு."

"என்ன சார் வெளையாடுறீங்களா? நான் என் ரெண்டு கண்ணால பாத்தேன். என் வீட்டுக்காரி விக்கி விக்கி அழுதா. நீங்க எழுதினதுல ஒண்ணுதான் தப்பு. குடை நீலம் இல்ல, கறுப்பு."

விமர்சகர் படியிறங்கி வந்து தெருவில் நின்றார். ஊரே பார்த்திருக்கிறது, ஆளுக்கொரு நிறத்தில். இல்லை என்று சொல்ல ஒரு ஆள் கிடைக்கவில்லை. யார் தோளிலும் கைபோட்டு, 'நிஜத்தைச் சொல்லப்பா' என்று கேட்க முடியவில்லை. அவருக்கு முப்பது வருஷமாக நிஜத்தைச் சொல்லி வந்தது ஒரே ஒரு முழங்கைதான். அந்த நினைப்பு வந்ததும் அவருக்கு அழுகையே வந்துவிட்டது. நடுத்தெருவில், பஸ் நிறுத்தத்துக்குப் பக்கத்தில், ஐம்பத்தொன்பது வயசு மனிதர் மூக்கை உறிஞ்சிக்கொண்டு நின்றார்.

அங்கே நின்றபடியே போன் போட்டார். ஆறாவது மணியில் எடுத்தாள்.

"சொல்லுங்க."

பதினாலு மாதம் கழித்துக் கேட்கிற குரல்.

"ஒரு படம் பாக்கணும். நீ வந்து பாத்துச் சொல்லணும்."

"லிஃப்ட் படந்தான? பாத்துட்டேன். நீங்க எழுதின மறுநாளே."

"பாத்துட்டியா?" அவர் பஸ் நிறுத்தக் கம்பியைப் பிடித்துக்கொண்டார். "அந்த ஒன்பதாவது மாடி..."

"பெஞ்சு வருது," என்றாள். "வெறும் பெஞ்சு. நெடுநேரம் அதையே காட்டுறாங்க. ஆளும் இல்ல, குடையும் இல்ல. சுத்தி உக்காந்திருந்தவங்க எல்லாம் தேம்புறாங்க. எனக்கு ஒண்ணும் புரியல. என்ன இதுன்னு இன்னொரு தடவ போய்ப் பாத்தேன். அப்பவும் வெறும் பெஞ்சுதான்."

அவர் போனைக் காதோடு அழுத்திக்கொண்டார்.

"குடை அங்க எப்படி இருக்கும்? குடை இங்கல்ல இருக்கு, என்கிட்ட. கதவுக்குப் பின்னால மாட்டியிருக்கேன்."

"எந்தக் குடை?"

"நீலக் குடை. கம்பி ஒடிஞ்சது. சேப்பு நூலால நான் கட்டி வெச்சது. வாராவாரம் உங்க சீட்டுல கெடந்த குடைங்க அது." அவள் குரல் லேசாக உடைந்தது. "பன்னெண்டு வருஷம் அதே குடை. முழிச்சிருந்தப்ப ஒருநாளாவது அத நீங்க பாத்திருப்பீங்களா? குடை எங்கேன்னு கேட்டா 'என்ன குடை'ம்பீங்க. தூக்கத்துல நூலு வரைக்கும் பாத்திருக்கீங்க. அதப் பேப்பர்ல படிச்சிட்டு நான் அக்கா வீட்டுச் சமையக்கட்டுல நின்னு அழுதேன், தெரியுமா?"

பஸ் ஒன்று வந்து நின்று போயிற்று. அவர் அது போகும்வரை காத்திருந்தார்.

"தூங்கிட்டேன்," என்றார்.

"தெரியும்."

"அன்னிக்கு மட்டும் இல்ல. எல்லாப் படத்துலயும்."

"அதுவும் தெரியும். நாந்தான பக்கத்துல இருந்தேன்."

"ஞாயித்துக்கிழமை காலை ஆட்டம் கடைசி. படத்த எடுக்கிறாங்க. ஜே வரிசைல ரெண்டு டிக்கெட் வாங்குறேன்."

"பாக்கலாம்," என்றாள் அவள். வருகிறேன் என்றும் சொல்லவில்லை, வரமாட்டேன் என்றும் சொல்லவில்லை. வைத்துவிட்டாள்.

அவளுக்குத் தெரிந்தால் மட்டும் போதாது என்று அவருக்குப் பட்டது. நாற்பது பேர் முன்னால் சொன்னதைக் காதோடு காதாகத் திரும்ப வாங்க முடியாது. அன்றைக்கே உட்கார்ந்து ஐந்து வரி எழுதினார்.

'திருத்தம். லிஃப்ட் படத்தில் நான் புகழ்ந்த குடைக் காட்சி, படத்தில் இல்லை. நான் தூங்கிவிட்டேன். முப்பத்தோரு வருஷமாக எல்லாப் படங்களிலும் தூங்கியிருக்கிறேன். முப்பது வருஷம் என்னை இடித்து எழுப்பியவர் என் மனைவி. கல்யாண வீட்டில் அவர் சொன்னது உண்மை, நான் சொன்னதுதான் பொய்.'

ஆசிரியர் படித்தார். அவர் முகத்தில் ஈயாடவில்லை.

"இதப் போட்டா உங்க பேரு என்னாகும்னு தெரியுமா? இத்தன வருஷம் எழுதின எல்லாத்தையும் தூக்கி எறிஞ்சிருவாங்க."

"போடுங்க சார்."

"அது என்ன கல்யாண வீடு? வாசகனுக்கு என்ன புரியும்?"

"நாப்பது பேருக்குப் புரியும் சார். அது போதும்."

சனிக்கிழமை திருத்தம் வந்தது. பகல் முழுக்கப் போன் அடித்துக்கொண்டே இருந்தது. அவர் தூங்கியதற்காக ஒருத்தரும் கோபப்படவில்லை. காட்சி இல்லை என்று சொன்னதற்குத்தான் கொதித்தார்கள். கல்லூரி ஆசிரியை, "எழுதினவருக்குப் படத்தின்மேல் என்ன உரிமை?" என்று கேட்டுவிட்டு வைத்தார். விவாகரத்தை வாபஸ் வாங்கிய கணவர் கத்தினார்: "நீங்க தூங்கியிருக்கலாம் சார். நாங்க தூங்கல. நாங்க பாத்தோம்!" இயக்குநர் மட்டும் கத்தவில்லை. "எனக்கு இப்பவும் தெரியுது சார்," என்று மெல்லிய குரலில் சொன்னார். நாற்பது பேரில் ஒருத்தரிடமிருந்தும் போன் வரவில்லை. அவளிடமிருந்தும் வரவில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலை மழை தூறிக்கொண்டிருந்தது. அவர் பத்து மணிக்கே போய்விட்டார். அவளுடைய டிக்கெட்டை வாசலில் டார்ச் அண்ணனிடம் கொடுத்துவிட்டு, எதிரே ஒரு கடைத் தாழ்வாரத்தில் ஒதுங்கி நின்றார். உள்ளே போகக் கால் வரவில்லை. காலியாக இருக்கிற ஒரு இருக்கைக்குப் பக்கத்தில் போய் உட்காருவது எவ்வளவு கஷ்டம் என்று பதினாலு மாதமாக அவருக்குத் தெரியும். பத்தரை ஆயிற்று. மணி அடித்தது. வந்தவர்கள் எல்லாம் உள்ளே போய்விட்டார்கள். போய்விடலாம், வீட்டுக்கே போய்விடலாம் என்று திரும்பினார்.

"சார்!" டார்ச் அண்ணன் வாசலிலிருந்து கூப்பிட்டார். "எங்க போறீங்க? ஓரத்துக் கதவு வழியா எப்பவோ வந்துட்டாங்க. உங்க சீட்டுல குடை கெடக்கு."

உள்ளே இருட்டு. கண் பழகச் சற்று நேரம் ஆயிற்று. அண்ணன் காட்டிய வெளிச்சப் பொட்டு தரையில் ஊர்ந்து ஜே வரிசையில் நின்றது. அவள் உட்கார்ந்திருந்தாள். கடிகார வார் தளர்ந்து, டயல் மணிக்கட்டின் அடிப்பக்கம் போயிருந்தது. பக்கத்து இருக்கையில் நீலக் குடை. ஒடிந்த கம்பியில் சிவப்பு நூல். நுனியிலிருந்து ஒரு சொட்டு, இன்னொரு சொட்டு.

அவர் நின்றார். விழித்திருக்கிறோமா என்று அவருக்கு ஒரு சந்தேகம் வந்தது. அவள் நிமிர்ந்து பார்க்கவில்லை. குடையை எடுத்துத் தரையில் வைத்தாள்.

அவர் உட்கார்ந்தார். பேசினால் எல்லாம் கலைந்துவிடும்போல இருந்தது. வழக்கப்படி அட்டையை மடியில் வைத்துக் கட்டைவிரலைக் காகிதத்தில் வைத்துக்கொண்டார். லிஃப்ட் ஏறியது, இறங்கியது. இடைவேளை வந்தது, போயிற்று. ஏழு. எட்டு. மோட்டார் முனகியது. இமை கனத்தது. ஆனால் பக்கத்தில் அவள் மூச்சுவிடுவது கேட்டது. அதைக் கேட்டுக்கொண்டே இருந்தார். ஒன்பதாவது மாடியில் கதவு திறந்தது.

பெஞ்சு. வெறும் பெஞ்சு. நடைபாதையின் மங்கல் வெளிச்சம் அதன்மேல் விழுந்து கிடந்தது. யாரும் வரவில்லை. சுற்றிலும் சனங்கள் தேம்பத் தொடங்கினார்கள். காட்சி இல்லை என்று பேப்பரில் படித்துவிட்டு வந்த சனங்கள்தான். அவர்களுக்கு அங்கே அந்த மெக்கானிக்கின் மனைவி உட்கார்ந்திருந்தாள், குடையை எடுத்தாள், இடம் கொடுத்தாள். பக்கத்தில் இருந்தவளைப்போல இவருக்கும், முதல் தடவையாக, பெஞ்சு காலியாக இருந்தது. பதினாலு மாதம் தன் வீட்டுக் கூடம் எப்படி இருந்ததென்று அவர் அங்கே பார்த்தார். கை பாட்டுக்கு எழுதியது. கண் நிறைந்து வழிந்தது.

விலாவில் ஓர் இடி விழுந்தது. பேனா காகிதத்தின் குறுக்கே சர்ரென்று ஓடியது.

"நான் தூங்கல," என்றார் அவர், மூக்கடைத்த குரலில்.

"தெரியும்," என்றாள்.

முழங்கையை அவள் திரும்ப எடுக்கவில்லை. படம் முடிகிறவரை அது அங்கேயே இருந்தது.

விளக்கு எரிந்தது. சனங்கள் எழுந்து போனார்கள். அவள் குனிந்து குடையை எடுத்தாள். பிறகு அவர் மடியிலிருந்த காகிதத்தை எட்டிப் பார்த்தாள். பக்கத்தின் குறுக்கே ஒரே ஒரு கோடு. கோட்டுக்கு மேலே மூன்று வரி இருந்தது.

'ஒன்பதாவது மாடி.
வெறும் பெஞ்சு.
யாரும் இல்லை.'

"கோட்டுக்கு மேல மூணு வரி," என்றாள் அவள். "அடிங்க."

"தூங்கலன்னு சொன்னேனே. கண்ணால பாத்துத்தான் எழுதினேன்."

"வழக்கம் வழக்கந்தான். அடிங்க."

அவர் பேனாவை எடுத்து, அவள் பார்த்துக்கொண்டிருக்க, மூன்று வரியையும் அடித்தார்.